வீட்டில் லேசு

ஈயக்கை என்று ஊர் கூப்பிட்ட மனிதர் முப்பத்தொரு வருடம் ஒரே வேலை பார்த்தார். ஆழச்சியின் முதுகில் ஈயம் வைப்பார், வைத்த ஈயத்தை எடுப்பார். ஒரே ஒரு நாள் பாதி வேலையில் எழுந்து வீட்டுக்கு ஓடினார். ஊருக்கு அந்த ஒரு நாள்தான் ஞாபகம் இருக்கிறது. அன்றைக்கு அவரை ஓடவைத்தது என் வாயிலிருந்து வந்த ஒரு சொல். ஆகவே மற்ற நாட்களையும் சேர்த்து நானே எழுதிவிடுவது முறை.

துறைமுகத்துக்காரர்களுக்கு ஆழச்சியைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. மலைப்பக்கம் இருப்பவர்களுக்காகச் சொல்கிறேன். வெளிச்சம் எட்டாத அடிக்கடலில் பிறக்கும் உயிர் அது. எலும்பு கிடையாது, கண் கிடையாது, குரலும் கிடையாது. இரண்டு லாரிகளை ஒட்டி நிறுத்தினால் அடைக்கும் இடத்தை அடைக்கும். நனைந்த சிலேட்டின் நிறம். அது தரையோடு தரையாகப் படுத்து மூச்சு விட்டால் சுற்றி ஒரு மைலுக்குக் கடல் அடங்கிக் கிடக்கும். எப்படி என்று படித்தவர்கள் ஆளுக்கொரு விளக்கம் சொல்வார்கள். அலையை உறிஞ்சிக்கொள்கிறது என்று பள்ளிக்கூடத்தில் எங்களுக்குச் சொன்னார்கள், அத்தோடு நான் நிறுத்திக்கொண்டேன். ஒவ்வொரு துறைமுகத்திலும் அலைத்தடுப்புச் சுவரை ஒட்டித் தொட்டி வெட்டி ஓர் ஆழச்சியை வைத்திருப்பார்கள். அது செத்துப்போனால் இன்னொன்றை நாளைக்கு ஒரு முழம் வீதம் ஆழத்திலிருந்து பழக்கி மேலே ஏற்ற வேண்டும். மூன்று வருடம் ஆகும். அதுவரை அந்த ஊர் கதவில்லாத வீடு.

ஆனால் அடிக்கடலில் அதன்மேல் மலை மலையாகத் தண்ணீர் இருந்தது. தொட்டியில் இருப்பதோ நாலு ஆள் உயரம். பாரம் போதாவிட்டால் அதன் உடம்பு உப்பும், தரையை விட்டுக் கிளம்பும். மேலே வந்துவிட்டால் பிழைக்காது. ஆகவே முதுகில் ஈயப் பலகைகளை அடுக்குவார்கள். கடல் ஏறினால் தொட்டியிலும் தண்ணீர் ஏறும், பலகைகளில் பாதியை எடுக்க வேண்டும். கடல் வற்றினால் திரும்ப வைக்க வேண்டும். நாளைக்கு இரண்டு ஏற்றம், இரண்டு வற்று. கடலுக்கு ஞாயிற்றுக்கிழமை கிடையாது.

இந்த வேலைக்காரரைப் பாரக்காரர் என்பார்கள். எங்கள் ஊரில் இரண்டு பேர். ராத்திரி வற்றுக்கு மாற்றாள், பகல் வற்றுக்கு நம்மவர். பலகையைக் கப்பியில் இறக்கி, நீண்ட கம்பியால் தள்ளி, இடம் பார்த்து அமர்த்த வேண்டும். கம்பியின் நுனி சதையில் படும்போது கைக்கு ஒரு பதில் வரும், அதைக் கொண்டு அடுத்த பலகை எங்கே என்று முடிவு செய்வார்கள். அந்த நேரத்தில் தொட்டியறையில் யாரும் உரக்கப் பேசக்கூடாது. மாற்றாள் வைத்த பலகையை ஆழச்சி பொறுத்துக்கொள்ளும், நம்மவர் வைத்ததில் தூங்கும் என்று துறைமுகத்தில் சொல்வார்கள். அதனால் வந்த பெயர்தான் ஈயக்கை. அதையும் சும்மா விடவில்லை. தெருவில் யாருக்கும் அவர் கடன் கொடுப்பதில்லை என்பதால், "ஈயக்கையா, ஈயாத கையா?" என்று கேலி செய்வார்கள். அவர் சிரிக்கவும் மாட்டார், கோபிக்கவும் மாட்டார்.

அவர் மனைவி தையல் கடைகளுக்குக் காஜா எடுத்துக்கொடுப்பவர். சட்டைக்குப் பொத்தான் துளை தைக்கிற வேலை. நாற்பது வருடம் அதைச் செய்து வலது ஆள்காட்டி விரல் ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது. அவருக்கு வயிற்றில் கட்டி என்று கண்டுபிடித்து, இனி அறுப்பதில் பயனில்லை என்று மருத்துவமனை கைவிரித்த பிறகு, சுகாதார நிலையத்திலிருந்து என்னை அனுப்பினார்கள். நான் நர்ஸ் இல்லை. படுக்கையில் கிடப்பவர்களை வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளப் பயிற்சி எடுத்தவள். ஆனாலும் எல்லாரும் நர்சம்மா என்றுதான் கூப்பிடுவார்கள். திருத்தித் திருத்தி அலுத்து விட்டுவிட்டேன்.

மேலைத் தெருவில் டயர் கடைக்கு மாடியில் இரண்டு அறை. முதல் நாள் நான் போனபோது கட்டிலில் படுத்திருந்த அந்த அக்காவின் இரண்டு கணுக்கால் மேலும் துண்டில் சுற்றிய ஈயத்தகடு இருந்தது. எனக்கு வந்த கோபத்தில் வணக்கம்கூடச் சொல்லவில்லை, எடுத்துக் கீழே வைத்தேன்.

"பாரம் இருந்தா தூக்கம் வரும்," என்றார் அவர்.

"வரப்போறது தூக்கம் இல்லண்ணே, புண்ணு."

கட்டிலில் இருந்து சிரிப்புச் சத்தம் வந்தது. "முப்பது வருஷமா என் சக்களத்திக்கு வெச்சதை இப்பத்தான் எனக்கு வெச்சுப் பாக்கறாரு. அதையும் வந்ததும் வராததுமா புடுங்கிட்டீங்களே."

ஆழச்சியை அந்த அம்மாள் அப்படித்தான் சொல்வார். சக்களத்தி சாப்பிட்டாளா, சக்களத்திக்கு உடம்புக்கு எப்படி, இன்னைக்கும் அவளோடதான் குடித்தனமா. நான் தகட்டுக்குப் பதிலாகக் கனமான கம்பளி ஒன்றை மடித்துப் போட அனுமதித்தேன். அரைமணிக்கு ஒரு தரம் எடுத்துப் பார்க்க வேண்டும் என்று நிபந்தனை. அவர் ஒரு தடவைகூடத் தவறவில்லை. நோயாளியைப் புரட்டிப் படுக்கவைக்கும் வேலையில் அவர் கையைப் போல ஒரு கையை நான் பிறகு பார்க்கவில்லை. தோல் சிவப்பதற்கு முன்பே எந்த இடம் நோகிறது என்று உள்ளங்கைக்குத் தெரிந்துவிடும்.

இரண்டாவது வாரம் அக்கா எனக்கு ஒரு கதை சொன்னார். நோய் முற்றத் தொடங்கிய சமயம், ஒரு நாள் மனசு நொந்து அவரிடம், "நான் உங்களுக்குப் பாரமா இருக்கேன்" என்று சொல்லியிருக்கிறார். கணவர் சட்டையைப் போட்டுக்கொண்டே, "நல்லது" என்று சொல்லிவிட்டு வேலைக்குப் புறப்பட்டுவிட்டார்.

"எனக்கு வந்துது பாருங்க ஆத்திரம். படியில பாதி எறங்கினப்புறம் மனுஷனுக்கு உறைச்சிருக்கு. திரும்ப ஏறி வந்து வாசல்லயே நிக்கறாரு, மொகத்துல ஈயாடல."

தொட்டியறைப் பேச்சு அது. ஒருவர், "பாரமா இருக்கா?" என்று கேட்பார். மற்றவர், "பாரமா இருக்கு" என்பார். "நல்லது" என்று முதலாமவர் முடிப்பார். ஆழச்சி தரையோடு நிம்மதியாகப் படுத்திருக்கிறாள் என்று அதற்குப் பொருள். முப்பத்தொரு வருடம் நாள் தவறாமல் சொன்ன வாய், வீட்டிலும் தானாகச் சொல்லிவிட்டது. அதன் பிறகு அவர் வேலையிலிருந்து வந்ததும், "நான் பாரமா இருக்கேங்க" என்று அக்கா வேண்டுமென்றே சீண்டுவார். "நல்லது" என்று அவரும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

நானும் சிரித்தேன். பாரம் என்றால் சுகம் என்று தெரிந்துகொண்ட நான், சுகமில்லை என்பதற்கு அங்கே என்ன சொல் என்று கேட்கவில்லை. நோயாளியின் வீட்டில் ஒரு சொல்லுக்கு வேறு அர்த்தம் இருக்கிறது என்று தெரிந்தால் முழுதும் விசாரித்துக்கொள்ள வேண்டும். பயிற்சியில் முதல் மாதமே சொல்லித் தந்தது.

அந்த வாரமே இன்னொன்றும் சொன்னார். அவர்களுக்கு ஒரு பெண் குழந்தை இருந்தது. நாலு வயதில் காய்ச்சலில் போய்விட்டது. தொட்டியறைக்கு ஆள் போய்ச் சொன்னபோது வற்று நேரம். அவர் கடைசிப் பலகை வரை வைத்து முடித்துவிட்டு வந்தார். முக்கால் மணி நேரம் பிந்திவிட்டது.

"நான் ஒரு வார்த்தை கேட்டதில்ல நர்சம்மா. கேட்டா அவரு என்ன சொல்லுவாரு. ஊரு முழுக்க அங்கதான இருக்கு. ஆனா என் விஷயத்துல மட்டும் அவரு பக்கத்துல இருக்கணும். எனக்காக இல்ல. ரெண்டாவது தடவையும் லேட்டா வந்து நின்னா, அந்த மனுஷன் தாங்க மாட்டாரு."

அவரிடம் தனியாகப் பேசினேன். எத்தனை நாள் என்று கேட்டார். வாரக் கணக்கு என்று சொன்னேன், பொய் சொல்லிப் பழக்கமில்லை. அவர் துறைமுக அலுவலகத்தில் விடுப்பு கேட்டார். எந்தத் தேதியிலிருந்து என்று அவர்கள் கேட்டார்கள், அதற்கு யார் பதில் சொல்வது? கடைசியில் ஓர் ஏற்பாடு செய்துகொண்டோம். தினமும் நண்பகலில் நான் தொட்டியறைக்குப் போன் செய்து நிலைமை சொல்ல வேண்டும். நேரம் நெருங்கிவிட்டது என்றால் அவர் உடனே கிளம்புவார், மாற்றாளைக் கூப்பிட்டு மிச்சப் பலகைகளை வைக்கச் சொல்வார்கள். மாற்றாளின் வீடு பத்து நிமிட நடைதான்.

பதினெட்டு நாள் போன் செய்தேன். வாந்தி நின்றது, வாந்தி இருக்கிறது, தூங்குகிறார், தூங்கவில்லை. போனை எடுக்கும் குமாஸ்தா கேட்டு எழுதிக்கொள்வார்.

பத்தொன்பதாவது நாளுக்கு முன் மூன்று நாள் அக்கா பட்ட பாட்டை எழுத வேண்டாம். டாக்டர் மருந்தை மாற்றிக்கொடுத்தார். மறுநாள் காலை நான் போனபோது அக்கா தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். பாலில் நனைத்த ரொட்டி நாலு வாய் உள்ளே போயிற்று. வலி இல்லை என்று தானாகச் சொன்னார். என் மேல்சட்டையில் ஒரு பொத்தான் தொங்கிக்கொண்டிருந்ததைப் பார்த்துவிட்டு, "இந்தக் கோலத்துலயா நாலு வீடு ஏறி எறங்கறீங்க?" என்று ஊசி நூல் எடுத்துவரச் சொன்னார். நண்பகல் தாண்டி மணி பன்னிரண்டே காலுக்கு, சட்டையை அவரிடம் கழற்றிக் கொடுத்துவிட்டு, மனசு நிறைந்து போன் செய்தேன்.

"அக்கா இன்னைக்கு லேசா இருக்காங்க. அண்ணன்கிட்ட சொல்லிடுங்க."

மறுமுனையில் குமாஸ்தா, "சரிங்கம்மா" என்றார். குரல் ஒரு மாதிரி இருந்தது. அவருக்கு ஜலதோஷம் என்று நினைத்துக்கொண்டேன்.

லேசாவது என்பதைத் தொட்டியறையில் ஒன்றுக்குத்தான் சொல்வார்கள். ஆழச்சி தரையை விட்டுக் கிளம்புவதற்கு, அதாவது சாவதற்கு. அங்கே அந்தச் சொல்லைப் பேச்சுவாக்கில்கூட யாரும் எடுப்பதில்லை. 'சோறு லேசா ஆறட்டும்' என்றுகூட அங்கே சொல்ல மாட்டார்கள்.

வற்று நேரம். நாற்பத்தாறு பலகையில் நம்மவர் இருபத்திரண்டு வைத்து முடித்திருந்தார். குமாஸ்தா உள்ளே போய்க் குரல் கொடுக்க முடியாது. ஒரு தாளில் 'வீட்டில் லேசு' என்று பெரிதாக எழுதிக் தொட்டியறைக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் பிடித்தார். உள்ளே இருந்து அவர் படித்தார். கையிலிருந்த கம்பியைப் போடவில்லை, அதற்குரிய கொக்கியில் மாட்டினார். கதவு வரை நடந்தார், பிறகு ஓடினார். குமாஸ்தா மாற்றாளின் வீட்டுக்கு ஆள் அனுப்பினார். மாற்றாள் பல் பிடுங்கிக்கொள்ளப் போயிருந்தார்.

படியில் தடதடவென்று சத்தம் கேட்டு நான் கதவைத் திறந்தேன். அவர் என்னைத் தாண்டிப் பார்த்தார். அக்கா உதட்டில் ஊசியைக் கவ்விக்கொண்டு, என் சட்டையை மடியில் வைத்து நூலை அறுத்துக்கொண்டிருந்தார்.

"என்னங்க, தலை தெறிக்க ஓடி வர்றீங்க?"

அவர் என்னிடம், "லேசுன்னு சொன்னாங்க" என்றார்.

"ஆமாண்ணே, லேசாத்தான் இருக்காங்க. பாருங்களேன்."

முதலில் புரிந்துகொண்டவர் அக்காதான். ஊசியை எடுத்துத் தலையணையில் குத்தினார். "நர்சம்மா, அவங்க பேச்சுல அது சாவு" என்றார்.

அவர் உடனே திரும்பிக் கதவு வரை போனார். அங்கே நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றார். வயது ஐம்பத்தெட்டு, துறைமுகத்திலிருந்து ஒரே ஓட்டம். நான் தண்ணீர் கொடுத்தேன். மாற்றாளைக் கூப்பிட்டிருப்பார்கள் என்று நான்தான் சொன்னேன். அவரும் அப்படித்தான் நினைத்தார் அல்லது நினைக்க விரும்பினார். கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தார்.

அக்கா அவரைப் போகச் சொல்லவில்லை. அதையும் எழுதத்தான் வேண்டும். முப்பத்தொரு வருடம், "போங்க, சக்களத்தி காத்துக்கிட்டிருப்பா" என்று சொல்லி அனுப்பியவர், அன்றைக்கு அவர் சட்டைக் கையைப் பிடித்து இழுத்துப் பார்த்து, "இங்கயும் ஒரு பொத்தான் விட்டுப்போச்சு" என்றார். அவர் கையை நீட்டினார். அக்கா தைத்தார். நூலைப் பல்லால் கடித்து அறுத்தபோது அவர் ஏதோ சொல்ல, இருவரும் சிரித்தார்கள். நான் அடுப்படிக்குப் போய் ஏற்கெனவே கழுவிய டம்ளர்களைத் திரும்பக் கழுவினேன். இருபது நிமிடம். அதன் பிறகு அவர் எழுந்து வேகமாக நடந்து போனார். அவர் துறைமுக வாசலை எட்டும்போது, ஆழச்சி மேலே வந்துவிட்டது என்று சங்கு ஊதியது.

சங்கு பகலிலேயே ஊதியதால் மனித உயிர் எதுவும் போகவில்லை. அடுத்த ஏற்றத்தில் கடல் கீழைத் தெருவுக்குள் வந்தது. பத்தொன்பது வீடு. அதில் ஒன்று என்னுடையது. என் அலமாரியும் இரண்டு பெட்டிச் சாமானும் போயின. நான் அழவில்லை, அழுவதற்கான தகுதி எனக்கு இருப்பதாகத் தோன்றவில்லை.

மறுநாள் காலை அவர் தொட்டிக்குப் போனார். நானும் கூடப் போனேன், அக்கா அனுப்பினார். ஆழச்சி ஈரப்போர்வையை விரித்துப்போட்ட மாதிரித் தண்ணீரின் மேல் கிடந்தது. அதன் முதுகில் ஈயப் பலகைகள் வருடக்கணக்காக அமர்ந்த இடங்கள் வெளுத்துக் கட்டம் கட்டமாகத் தெரிந்தன. படுக்கைப்புண்ணுக்கு முந்தைய நிலை. எனக்குப் பார்த்தவுடன் தெரிந்தது. அவர் படியில் இறங்கி இடுப்பளவு தண்ணீரில் நின்று கையை அதன்மேல் வைத்தார். முப்பத்தொரு வருடத்தில் கம்பி இல்லாமல் அதைத் தொட்டது அதுதான் முதல் தடவை.

"இவ்ளோ குளுந்திருப்பான்னு தெரியாது," என்றார்.

விசாரணை நடந்தது. என்னால் வந்த குழப்பம் என்று நானே போய்ச் சொன்னேன். எழுதிக்கொண்டார்கள். பாதிப் பலகையில் எழுந்து போகக் கூடாது என்பது விதி, அது அவருக்குத் தெரியும் என்று சொல்லி வேலையிலிருந்து நீக்கினார்கள். வீட்டுக்குப் போய் எவ்வளவு நேரம் இருந்தார் என்று யாரும் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. மூன்று பேருக்குத் தெரிந்த விஷயம், இப்போது மூவரில் நான் ஒருத்திதான் மிச்சம்.

தெருவில் அவரிடம் யாரும் பேசவில்லை. டயர் கடைக்காரர் மட்டும் கீழே குடம் நிரப்பி வைத்துவிட்டு, குரல் கொடுக்காமல் போய்விடுவார். ஈயாத கை என்று கேலி பேசியவர்கள், ஊரைக் கைவிட்ட கை என்றார்கள். அக்காவுக்கு எல்லாம் காதில் விழுந்தது. "நான் லேசானதுக்கு அவ லேசாப் போயிட்டா" என்று ஒரு தடவை சொன்னார். சக்களத்தி என்று பிறகு சொல்லவே இல்லை.

பிறந்ததிலிருந்து இந்த ஊரில் இருக்கிற நாங்கள் யாரும் வீட்டுக்குள் இருந்தபடி அலைச் சத்தம் கேட்டதில்லை. இப்போது மேலைத் தெரு வரை கேட்டது. மருந்து மயக்கத்திலிருந்து விழித்து அக்கா கேட்பார், "என்ன சத்தம் அது?" அவர், "கடல்" என்பார். கொஞ்ச நேரம் கழித்துத் திரும்பவும் கேட்பார். திரும்பவும் சொல்வார்.

ஒன்பதாவது நாள் முற்பகலில் மூச்சு மாறியது. எனக்கு அந்த மூச்சு தெரியும், அவருக்குச் சொன்னேன். அவர் கட்டிலில் ஏறி உட்கார்ந்து அக்காவின் முதுகைத் தன் நெஞ்சில் சாய்த்துக்கொண்டார். மூச்சுக்கு அதுவே நல்ல நிலை, நான் சொல்லித் தரவில்லை. உதட்டை நான் பஞ்சால் நனைத்துக்கொண்டிருந்தேன். வேறு யாரும் இல்லை. எங்கும் போக வேண்டிய வேலையும் அவருக்கு இல்லை.

அவர் குனிந்து, "பாரமா இருக்கா?" என்று கேட்டார்.

பதில் வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. "பாரமா இருக்கு," என்றார் அக்கா. தெளிவாகவே சொன்னார்.

"நல்லது."

அதன் பிறகு ஒரு மணி நேரம் ஆயிற்று. நான் அக்காவின் கண்ணை மூடி, தாடையைக் கட்டி, உடம்பைத் துடைத்தேன். அவர் கால் பக்கத்தைத் துடைத்தார். முடிந்ததும் அந்தப் பழைய கம்பளியை மடித்துக் கணுக்கால் மேல் வைத்தார். நான் எடுக்கவில்லை.

அதற்குப் பிறகு அவர் ஏழு வருடம் இருந்தார். டயர் கடையில் சக்கரம் கழற்றி மாட்டினார். மூன்று வருடம் கழித்துப் புது ஆழச்சி வந்தது, புதுப் பாரக்காரர்களும் வந்தார்கள். அலைச் சத்தம் நின்றது. கீழைத் தெருவில் திரும்ப வீடு கட்டினார்கள். நான் கட்டவில்லை, மேலைத் தெருவிலேயே ஓர் அறை பார்த்துக்கொண்டேன். மாதத்துக்கு ஒரு தரம் போய் அவருக்கு ரத்த அழுத்தம் பார்ப்பேன். அவராக எதுவும் பேசமாட்டார். நானும் பேச்சுக்கு அலைகிறவள் இல்லை.

ஒரு தடவை, கையில் பட்டையைச் சுற்றிக்கொண்டிருக்கும்போது, "இருபது நிமிஷத்துல எட்டுப் பலகை வெச்சிருப்பேன்" என்றார். எதைச் சொல்கிறார் என்று எனக்கு உடனே விளங்கியது.

"எட்டு போதுமாண்ணே?"

"ஆறு போதும்."

அழுத்தம் சரியாக இருந்தது. அதைச் சொன்னேன். அவர் மடித்துவிட்ட சட்டைக் கையை இறக்கி, பொத்தானைப் போட்டுக்கொண்டு, கடைக்கு இறங்கிப் போனார்.

நோயாளியின் வீட்டாருக்கு இப்போதும் நான் போனில் நிலைமை சொல்வதுண்டு. நாலு வாய் சாப்பிட்டார், வலி இல்லை, ஊசி நூல் கேட்டார் என்று நடந்ததை நடந்தபடி சொல்லி வைத்துவிடுகிறேன்.